தூக்கத்திலிருந்து வந்த சைகை: ஹல், 1975

இருட்டில் கட்டிலருகே வந்து நின்று அம்மா கேட்பார்: "தூங்கிட்டியா?" போர்வைக்குள்ளிருந்து பதில் வரும்: "ஆமாம்மா, தூங்கிட்டேன்." பிள்ளைகள் உள்ள எல்லா வீட்டிலும் இது நடந்திருக்கும். அம்மாவுக்குச் சிரிப்பு வருவதற்குக் காரணம், அந்தப் பதில் தன்னைத் தானே பொய்யாக்கிவிடுகிறது. நிஜமாகவே தூங்கியிருந்தால் பதில் வந்திருக்காது.

இந்தச் சிரிப்பை ஒரு முழுத் தத்துவ வாதமாக வளர்த்தவர் நார்மன் மால்கம். தத்துவவாதி விட்கென்ஸ்டைனின் மாணவர், அமெரிக்காவின் கார்னெல் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர். 1959இல் கனவைப் பற்றிச் சின்னதாக ஒரு புத்தகம் எழுதினார். "நான் தூங்குகிறேன்" என்று தூங்கும்போதே ஒருவர் முடிவுசெய்வது நடக்காத காரியம் என்பதோடு அவர் நிற்கவில்லை. அப்படிச் சொல்வதற்கே பொருள் கிடையாது என்றார். பதினாறு வருடம் கழித்து, இங்கிலாந்தின் ஹல் பல்கலைக்கழகத்தில், தூங்கிக்கொண்டிருந்த ஒருவர் அதைத்தான் சொன்னார், வாயால் அல்ல, கண்ணால். அந்தச் சைகை மால்கமின் வாதத்தில் எதை உடைத்தது, எதை உடைக்கவில்லை என்று பார்ப்பதுதான் இங்கே வேலை. கனவு ஆய்வைப் பற்றி எழுதுகிற பலர் அந்த ஒரு காலையோடு தத்துவக்காரர்களின் கதை முடிந்தது என்று எழுதிவிடுகிறார்கள். முடியவில்லை என்பது என் கட்சி.

கணப்பு அடுப்பும் மேலங்கியும்

மால்கமின் எதிராளி பதினேழாம் நூற்றாண்டுப் பிரெஞ்சுத் தத்துவவாதி டெகார்ட். 1641இல் வெளியான 'தியானங்கள்' நூலின் தொடக்கத்தில் டெகார்ட் தான் உட்கார்ந்திருக்கும் இடத்தை வர்ணிக்கிறார். கணப்பு அருகே மேலங்கியோடு உட்கார்ந்திருக்கிறேன், கையில் காகிதம் இருக்கிறது, இதை எப்படிச் சந்தேகிப்பது? உடனே அவரே சந்தேகிக்கிறார். உடையைக் களைந்துவிட்டுப் படுக்கையில் கிடக்கும்போதும் எத்தனை இரவு இதே மாதிரி கணப்பருகே உட்கார்ந்திருப்பதாக நினைத்திருக்கிறேன்! விழிப்பையும் தூக்கத்தையும் பிரித்துக்காட்ட நிச்சயமான ஓர் அடையாளம் இல்லையே.

நம் பக்கத்தில் இதையே ஜனகர் கதையாகச் சொல்வார்கள். அரண்மனையில் தூங்கிய ராஜா, பசியோடு அலைகிற பிச்சைக்காரனாகக் கனவு கண்டு திடுக்கிட்டு எழுந்து, 'அது நிஜமா, இது நிஜமா' என்று வருகிற போகிறவர்களையெல்லாம் கேட்டது. கேள்வி ஒன்றுதான். டெகார்ட் அதை அறிவின் அஸ்திவாரத்துக்கே கொண்டுபோனார் என்பது வித்தியாசம்.

நூலின் கடைசியில் அவரே ஒரு விடையும் தருகிறார். விழிப்பில் நடப்பவை முன்னும் பின்னும் நினைவோடு கோத்துக்கொண்டு வரும், கனவில் வருபவை அப்படி வராது. அவர் காலத்து ஆங்கிலத் தத்துவவாதி ஹாப்ஸ் விடவில்லை: கோத்துக்கொண்டு வருவதாகவே ஒருவன் கனவு காணலாமே? டெகார்ட் சொன்ன பதில் அவ்வளவு திருப்தியாக இல்லை. இணைத்துப் பார்ப்பதாகக் கனவு காணலாம், நிஜமாக இணைக்க முடியாது, விழித்ததும் தவறு தெரிந்துவிடும் என்றார். விழித்தபின் தெரியும் என்பது சரி. இப்போது தெரியுமா என்பதுதானே கேள்வி?

இதில் ஒரு வேடிக்கை உண்டு. 1619 நவம்பர் 10 இரவு, 23 வயது டெகார்ட் ஜெர்மனியில் அடுப்பு மூட்டிய ஓர் அறையில் அடுத்தடுத்து மூன்று கனவுகள் கண்டார். அவருடைய குறிப்பேடு தொலைந்துவிட்டது. ஆனால் அதைப் பார்த்து எழுதிய பாயே என்பவரின் 1691ஆம் வருட வாழ்க்கை வரலாற்றில் விவரம் இருக்கிறது. மூன்றாவது கனவில் மேஜைமேல் ஓர் அகராதியும் ஒரு கவிதைத் தொகுப்பும் இருக்கின்றன. பார்த்தது கனவா வேறு ஏதாவதா என்று சந்தேகம் வருகிறது. கனவுதான் என்று தூக்கத்திலேயே முடிவுசெய்கிறார். அதோடு விடாமல், விழிப்பதற்கு முன்பே அந்தக் கனவுக்கு அர்த்தம் சொல்லவும் ஆரம்பித்துவிடுகிறார். பிற்பாடு மால்கம் முடியாது என்று சாதித்த காரியத்தை, மால்கமின் எதிராளி வாலிப வயதிலேயே செய்துவிட்டாராம். கடைசியில் அந்த 'ஆம்' போடத்தான் வேண்டும். சாட்சி காலையில் எழுந்து சொன்ன கதை மட்டுமே. மால்கம் கைவைத்த இடமும் அதுதான்.

மால்கமின் வாதம்

மால்கம் டெகார்ட்டுக்கு விடை சொல்லவில்லை. கேள்வியையே எழவிடாமல் செய்யப் பார்த்தார். ஒருவர் தூங்கும்போது எதையாவது யோசித்தார், முடிவுசெய்தார் என்பதற்கு என்ன அத்தாட்சி? அவர் பேசினாலோ கையை அசைத்தாலோ நன்றாகத் தூங்கவில்லை என்று நாமே சொல்லிவிடுவோம். பேசாமல் அசையாமல் கிடந்தால் யோசித்தார் என்பதற்கு அடையாளம் கிடையாது. எந்தப் பக்கம் போனாலும் முட்டுச்சந்து. ஆகவே 'ஒருவேளை நான் இப்போது தூக்கத்தில் இப்படி நினைத்துக்கொண்டிருக்கிறேனோ' என்ற டெகார்ட்டின் பயம் வெற்று வார்த்தை என்றார்.

அப்படியானால் கனவு? விழித்தபின் 'இன்னின்ன நடந்தது' என்று சொல்கிறோமே, நடக்கவில்லை என்றும் தெரிகிறதே, அப்படிச் சொல்வதைச் சார்ந்தே கனவு என்ற கருத்து நிற்கிறது என்பது அவர் கணக்கு. ராத்திரி இத்தனை மணிக்குத் தொடங்கி இத்தனை நிமிடம் உள்ளுக்குள் ஓடிய படம் என்று அதைக் கற்பனை செய்யாதீர்கள் என்றார்.

கேட்டதும் யாருக்கும் எரிச்சல் வரும். எனக்கும் வந்தது. ஆனால் மால்கம் அறிவியல் தெரியாமல் பேசியவர் இல்லை. 1953இல் சிகாகோவில் அசெரின்ஸ்கியும் கிளைட்மனும் தூக்கத்தின் சில பகுதிகளில் கண்கள் இமைக்குள் வேகமாக அசைவதை அறிவித்திருந்தார்கள். இன்று ரெம் உறக்கம் என்கிறோம். 1957இல் டிமென்ட்டும் கிளைட்மனும் அந்த நேரத்தில் ஆட்களை 191 தடவை எழுப்பியதில் 152 தடவை கனவு கண்டதாகப் பதில் வந்தது. மற்ற நேரத்தில் 160 தடவை எழுப்பியதில் 11 தடவைதான். இதெல்லாம் மால்கமுக்குத் தெரியும். கண் அசைவை வைத்துக் கனவை அளப்பதென்றால் நீங்கள் 'கனவு' என்ற சொல்லுக்குப் புது அர்த்தம் கொடுக்கிறீர்கள், நாங்கள் பேசிவந்த கனவு அதுவல்ல என்று ஒதுக்கிவிட்டார். இயந்திரம் எதைக் காட்டினாலும் கடைசியில் எழுப்பிக் கேட்டுத்தானே தெரிந்துகொள்கிறீர்கள் என்கிற இடத்தில் அவரை அசைப்பது கஷ்டம்.

அசைக்க ஒரே வழிதான் இருந்தது. எழுப்பாமல் கேட்க வேண்டும்.

பூட்டிய வீட்டில் திறந்திருந்த ஜன்னல்

ரெம் உறக்கத்தில் உடல் கிட்டத்தட்டப் பூட்டப்பட்டிருக்கும். மூளைத்தண்டிலிருந்து வருகிற கட்டளை கைகால் தசைகளைத் தளர்த்தி வைத்துவிடும். கனவில் ஓடினால் கட்டிலிலிருந்து விழாமல் இருப்பது இதனால்தான். மூச்சுக்கான உதரவிதானத்துக்கு விலக்கு. இன்னொரு விலக்கு கண்ணை அசைக்கும் தசைகளுக்கு.

ஹல்லில் கீத் ஹெர்ன் என்ற ஆராய்ச்சி மாணவர் இதைப் பிடித்துக்கொண்டார். கனவுக்குள்ளேயே 'இது கனவு' என்று தெரிந்துகொள்கிறவர்கள் உண்டு. லூசிட் ட்ரீம் என்பார்கள், தெளிவுக் கனவு என்று வைத்துக்கொள்ளலாம். அந்த ஆங்கிலப் பெயர் 1913இல் டச்சு மருத்துவர் வான் ஈடன் வைத்தது. அப்படிப்பட்டவர் கனவுக்குள் கண்ணை வேண்டுமென்றே ஒரு மாதிரி அசைத்தால், படுக்கையில் கிடக்கிற நிஜக் கண்ணும் அப்படியே அசைய வேண்டும் அல்லவா? ஆலன் வொர்ஸ்லி இந்தக் கனவுகளில் நல்ல பழக்கம் உள்ளவர். அவரிடம் ஹெர்ன் முன்கூட்டியே பேசிவைத்தார்: கனவு என்று தெரிந்ததும் கண்ணை இடக்கோடிக்கும் வலக்கோடிக்கும் சொன்ன எண்ணிக்கையில் ஓட்ட வேண்டும்.

கருவி எப்படி வேலைசெய்கிறது என்பதையும் சொல்லிவிடுகிறேன், பிறகு வரும் சந்தேகங்களுக்கு இது தேவை. கண் ஒரு சின்ன பேட்டரி மாதிரி. முன்பக்கக் கருவிழி நேர்மின்னாகவும் பின்பக்க விழித்திரை எதிர்மின்னாகவும் இருக்கும். கண்ணின் இரு ஓரங்களிலும் மின்முனை ஒட்டினால் விழி திரும்பும் பக்கத்துக்கேற்ப மின்னழுத்தம் ஏறி இறங்கும். உச்சந்தலையில் வேறு மின்முனைகள், மூளை அலைக்காக. தாடையில் ஒரு ஜோடி, தசை முறுக்குக்காக. ஒவ்வொன்றும் ஒரு பேனாவை ஆட்டும். காகிதச் சுருள் நகர நகர எல்லாக் கோடும் இணையாக ஓடும். தாடைக் கோட்டைக் கவனியுங்கள். விழித்திருக்கும்போது மயிர்ப்புழு மாதிரி தடித்து நடுங்கும். ரெம் வந்ததும் நூல் மாதிரி மெலிந்துவிடும்.

1975 ஏப்ரல் 12, காலை எட்டு மணிக்கு மேல். தூக்கத்தின் கடைசிப் பகுதியில்தான் ரெம் நீளமாக வரும், அதனால் இந்த நேரத்தில் ஆச்சரியம் இல்லை. தாடைக் கோடு மெலிந்திருந்தது. கண் கோடு ரெம்மில் வழக்கமாக வருவது போல முன்பின் ஒழுங்கில்லாமல் துள்ளிக்கொண்டிருந்தது. அதன் நடுவே, ஒரே உயரத்தில், ஒரே இடைவெளியில், பேசிவைத்தபடி ஒரு பெரிய ஏற்ற இறக்க வரிசை வந்தது. குழந்தையின் கிறுக்கலுக்கு நடுவே யாரோ கையெழுத்துப் போட்டது போல. பிறகு மறுபடி கிறுக்கல். தாடைக் கோடு மெலிந்தபடியே இருந்தது.

தூங்குவது போல நடிப்பவன்

தூங்குகிறவனை எழுப்பலாம், தூங்குவது போல நடிக்கிறவனை எழுப்ப முடியாது என்பார்கள். முதல் சந்தேகம் அதுதான்: வொர்ஸ்லி நடித்திருந்தால்? தாடைத் தசையை அந்த அளவுக்கு மெலியவைத்து, மூளை அலையையும் ரெம் மாதிரி வைத்துக்கொண்டு, கண்ணை மட்டும் ஆட்டுவது நடிப்பில் அடங்காது. 1989இல் தெளிவுக் கனவு காணும் ஒருவரிடம் அமெரிக்க ஆய்வாளர் ஸ்டீபன் லபேர்ஜும் மற்றவர்களும் இன்னும் கறாரான சோதனை செய்தார்கள். கால் நரம்பில் சின்ன மின்தூண்டல் கொடுத்தால் தசை தானாகத் துள்ளும். ரெம்மில் அந்தத் துள்ளல் அடங்கும். தெளிவுக் கனவிலும் அடங்கியது.

இரண்டாவது சந்தேகம் தற்செயல். ரெம்மில் கண்கள் எப்படியும் ஓடுகின்றன, நூறு கிறுக்கலில் ஒன்று ஒழுங்காகத் தெரியலாம். இதற்கு விடை சொன்னது அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்ட் ஆய்வுக்கூடம். அங்கிருந்த லபேர்ஜ், ஹெர்னின் வேலை தெரியாமலேயே இதே வழிக்கு வந்தவர். ஹெர்னின் கண்டுபிடிப்பு லிவர்பூல் பல்கலைக்கழகத்துக்குக் கொடுத்த 1978ஆம் வருட ஆய்வேட்டில் கிடந்தது, வெளியுலகில் பெரிதாகப் பரவவில்லை. லபேர்ஜ் 1978 ஜனவரி 13, வெள்ளிக்கிழமை, தன்னையே சோதனைக்குட்படுத்திப் படுத்தார். கனவில் ஒரு வாக்குவம் கிளீனர் மாதிரி ஏதோ சாதனத்தின் விளக்கக் கையேடு மிதந்துவந்ததாம். அதைப் படிக்க முயன்றபோது சைகை காட்ட வேண்டியது நினைவுக்கு வந்தது. (பெரிய தத்துவச் சிக்கல் ஒன்று வாக்குவம் கிளீனர் கையேட்டின் வழியே வந்ததை நினைத்தால் எனக்கு இன்னும் சிரிப்புத்தான்.) 1981இல் அவர் குழு வெளியிட்ட கட்டுரையில் 5 பேர், 34 இரவுகள். சைகை எப்போது வந்ததாகச் சொல்லப்பட்டது என்று தெரியாத ஒருவரிடம் பதிவுத் தாள்களைக் கொடுத்து எங்கே சைகை என்று தேடச் சொன்னார்கள். 24 சைகைகளில் சரியான 30 விநாடிப் பகுதியை அவர் காட்டிவிட்டார். தற்செயல் என்ற வாதம் அதோடு போச்சு.

மூன்றாவது சந்தேகம் மால்கமுக்குப் பிடித்தமாக இருந்திருக்கும்: சைகை காட்டுகிறவர் பாதி விழித்தவர், ஆகவே இது 'நன்றாகத் தூங்குவது' ஆகாது. 2009இல் ஜெர்மனியில் சிலரை வைத்துச் செய்த ஆய்வு தெளிவுக் கனவை விழிப்பும் தூக்கமும் கலந்த நிலை என்றே சொன்னது. மூளையின் முன்பகுதியில் விழிப்பைப் போன்ற அதிவேக அலைகள் கிடைத்தனவாம். 2022இல் வந்த மறு ஆய்வு, அந்த அலைகளில் பெரும்பகுதி கண் தசை துள்ளும்போது பதிவில் கலந்துவிடுகிற வேண்டாத மின்சாரம் என்று காட்டி, இது சுறுசுறுப்பான ரெம் உறக்கமே என்றது. அது சரியில்லை என்றே வைத்துக்கொண்டாலும் மால்கமுக்கு லாபம் குறைவு. தூக்கம் என்றால் என்ன என்பதை 'முடிவுசெய்யாமல் கிடப்பது' என்று முன்பே வரையறுத்துவிட்டால், எந்தச் சைகை வந்தாலும் 'அப்போ அவர் தூங்கவில்லை' என்று சொல்லிவிடலாம். தோற்கவே வழியில்லாத வாதத்தில் ஜெயித்து என்ன பயன்?

இந்த அளவில் ஹல் தரப்பே ஜெயித்தது. "தூங்கிட்டியா?" என்ற கேள்விக்குத் தூக்கத்திலிருந்தே பதில் வரலாம்.

எட்டில் ஆறு போனால்

2021இல் அமெரிக்கா, பிரான்ஸ், ஜெர்மனி, நெதர்லாந்து என்று நான்கு நாட்டு ஆய்வுக்கூடங்கள் சேர்ந்து ஒரு படி மேலே போயின. சைகைக்குக் காத்திருக்காமல் தூங்குகிறவரிடம் கேள்வியே கேட்டார்கள். அமெரிக்காவில் 19 வயதுள்ள ஒருவர் தான் கனவில் இருப்பதாகக் கண்ணால் சொன்னதும், எட்டில் ஆறு போனால் எவ்வளவு என்று கேட்கப்பட்டது. சில விநாடிகளில் கண்கள் இடம் வலம், இடம் வலம் என்று இரண்டு தடவை ஓடின. மொத்தம் 36 பேர், 158 கேள்விகள். சரியான பதில் 18 சதவீதத்துச் சொச்சம். தவறு 3 சதவீதம். அறுபது சதவீதத்துக்குப் பதிலே இல்லை. குறைவுதான். ஆனால் ஒன்று வந்தாலும் போதும் என்கிற விஷயம் இது.

எனக்கு முக்கியமாகப் படுவது அந்த ஆய்வில் அதிகம் பேசப்படாத ஒரு விவரம். தூக்கத்தில் பதில் சொன்னவர்களை எழுப்பி, என்ன கேட்டோம் என்று விசாரித்தபோது, சிலர் வேறு கணக்கைச் சொன்னார்கள். தூக்கத்தில் கேள்வி சரியாகக் காதில் விழுந்திருக்கிறது, மூளை சரியாகக் கழித்திருக்கிறது, கண் சரியாகப் பதில் சொல்லியிருக்கிறது. காலையில் கதை மட்டும் மாறிவிட்டது.

மால்கமின் வாதத்தில் உடையாத இரண்டாவது கால் இங்கே நிற்கிறது. காலையில் சொல்லும் கதை இரவின் நகல் இல்லை என்று அவர் சந்தேகப்பட்டார். 1976இல் அமெரிக்கத் தத்துவவாதி டேனியல் டென்னட் இதையே வேறு விதமாகக் கேட்டார்: கனவு அனுபவமாக நடக்காமலேயே, விழிக்கும் நேரத்தில் கேசட் போல நினைவில் செருகப்பட்டால் வித்தியாசம் தெரியுமா? தெளிவுக் கனவுகளுக்கு அந்தக் கேசட் கதை பொருந்தாது. சைகை நேரத்தோடு பதிவாகியிருக்கிறது. ஆனால் சைகை இல்லாத சாதாரணக் கனவுகளுக்கு, அதாவது நாம் காண்கிற கனவில் மிகப் பெரும்பாலானவற்றுக்கு, நம்மிடம் இருப்பது இன்றும் காலைக் கதைதான். டெகார்ட்டின் 1619 கனவும் அந்தக் கணக்கிலேயே சேர வேண்டும்.

மூன்று ஜோடி, இரண்டு ஜோடி

சரி, டெகார்ட்டின் கேள்வி? மால்கம் அதை முளையிலேயே கிள்ளப் பார்த்தார். தூக்கத்திலும் முடிவுசெய்யலாம் என்று ஹல் காட்டியதும் அது மறுபடி துளிர்த்துவிட்டது. தூக்கத்தில் 'இது கனவு' என்று சரியாக முடிவுசெய்ய முடியுமென்றால், 'இது விழிப்பு' என்று தவறாகவும் முடிவுசெய்ய முடியும்.

இந்தத் தவறு எல்லாருக்கும் பழக்கம். அலாரம் அடித்து, எழுந்து, பல் தேய்த்து, பேருந்து நிறுத்தம்வரை போய் நின்ற பிறகு இரண்டாவது தடவை அலாரம் அடித்து, இன்னும் படுக்கையில்தான் கிடக்கிறேன் என்று தெரிந்த காலைகள் எனக்கு நிறைய உண்டு. கனவா நனவா என்று கிள்ளிப் பார்த்துக்கொள்ளச் சொல்வார்கள். கனவில் கிள்ளினாலும் கிள்ளுவதாகத்தானே இருக்கிறது.

லபேர்ஜ் பிற்பாடு வெளியிட்ட ஒரு பதிவுத் தாள் இருக்கிறது. அரை மணி நேர ரெம் பகுதி ஒன்றின் கடைசி எட்டு நிமிடம். பேசிவைத்த சங்கேதம்: கனவு என்று தெரிந்தால் இடம் வலம் இரண்டு ஜோடி, விழித்ததும் நான்கு ஜோடி. படுத்திருப்பவர் முதலில் இரண்டு ஜோடி காட்டுகிறார். பிறகு கனவில் பறந்து ஊர்சுற்றுகிறார். சிறிது நேரத்தில் விழித்துவிட்டதாக நினைத்து நான்கு ஜோடி காட்டுகிறார். தாளில் ரெம் அப்படியே ஓடிக்கொண்டிருக்கிறது. 90 விநாடி கழித்து, ஐயோ இன்னும் கனவுதான் என்று புரிந்து சைகை காட்டும்போது அவசரத்தில் மூன்று ஜோடியாகிவிடுகிறது. கூடிப்போச்சு என்று தெரிந்து திருத்தி, சரியாக இரண்டு ஜோடி காட்டுகிறார். தூக்கத்திலேயே எண்ணிப் பார்த்து, தப்பைக் கண்டுபிடித்துத் திருத்துகிற அளவுக்கு நிதானம். அதே நிதானம் உள்ள ஆள்தான் ஒன்றரை நிமிடம் முன்பு எழுந்துவிட்டேன் என்று சத்தியம் செய்திருந்தார்.

இன்னும் 100 விநாடி போனதும் நிஜமாகவே விழித்து மறுபடி நான்கு ஜோடி காட்டுகிறார். கண் கோட்டில் இந்த நான்கு ஜோடியும் முன்பு பொய்யாகப் போன நான்கு ஜோடியும் ஒரே சொல்தான். எது உண்மை என்று தெரிய வேண்டுமென்றால் பக்கத்தில் ஓடும் தாடைத் தசைக் கோட்டைப் பார்க்க வேண்டும். அந்தத் தாள் ஓடிக்கொண்டிருந்தது படுத்திருந்தவர் கண்ணுக்கு எட்டாத இடத்தில்.